பார்க்க சந்தா... ஆட தடையா?

என் மகன், கூடைப்பந்துப் பைத்தியம். அமெரிக்காவின் என்.பி.ஏ., ஆட்டங்களை நேரடியாகப் பார்க்க, அப்பாவிடம் பணம் வாங்கி, 'லீக் பாஸ்' சந்தா கட்டியிருக்கிறான். அங்கே இரவு நடக்கும் ஆட்டம், நமக்கு விடியற்காலை. காபியும் கையுமாக, 'டிவி' முன் உட்கார்ந்து விடுவான்.

ஒருநாள், வாசல் தெளித்து, கோலம் போட்டு வந்த மகள், துடைப்பத்தோடு நின்றபடியே ஆட்டத்தைப் பார்த்துக் கொண்டிருந்தாள்.

'ஏன்டா, ஒரு தடவை ரெண்டு பாயின்ட், ஒரு தடவை மூணு பாயின்ட் குடுக்கறாங்க?' என்று மகனைக் கேட்டேன். அவன் வாய் திறக்குமுன், 'அந்த வளைவுக் கோட்டுக்கு வெளியே நின்னு போட்டா மூணும்மா...' என்றாள் மகள்.

'உனக்கெப்படிடீ தெரியும்?'

'எட்டாவது வரைக்கும் ஸ்கூல் டீம்ல ஆடினேனே... வயசுக்கு வந்ததும் நீதானே நிறுத்தினே...'

சுருக்கென்றது. நான் மறந்தே போயிருந்தேன், அவள் மறக்கவில்லை.

மகன் உட்கார்ந்து பார்க்கப் பணம் கட்டுகிறோம். மகள் ஓடியாட, காசில்லாத பள்ளி மைதானத்துக்குக் கூட அனுப்ப மறுக்கிறோம். சென்னையைச் சேர்ந்த அனிதா பால்துரை, 19 வயதில் இந்தியப் பெண்கள் கூடைப்பந்து அணிக்கு கேப்டனாகி, 18 ஆண்டுகள் நாட்டுக்காக ஆடியவர். 2021ல் பத்மஸ்ரீ விருது பெற்றார். 'பொம்பளைப் புள்ளைக்குப் பந்து எதுக்கு?' என்று, அவரையும் வீட்டில் உட்கார வைத்திருந்தால்?

சந்தாவை நிறுத்தச் சொல்லவில்லை. மகளுக்கு ஷூ வாங்கிக் கொடுத்து, மாலையில் ஆட அனுப்புகிறேன். காலை வேலையில் பாதி, இப்போது அண்ணன் தலையில். ஆட்டத்தை, இருவருமாக உட்கார்ந்து பார்க்கின்றனர்.

தோழியரே, உங்கள் மகளிடமும் ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்களேன்!

- ஒரு வாசகி, கனகசெட்டிக்குளம், புதுச்சேரி.