ஊர்மொழி அறியா ஆசிரியர்

அலாசுக்காவில் குசுக்கோக்குவிம் ஆற்றங்கரையில் அக்கியாச்சாக்கு, அக்கியாக்கு, துலுக்குசாக்கு என மூன்று சிற்றூர்கள் உள்ளன. இம் மூன்றும் சேர்ந்து ஒரு தனிப் பள்ளி மாவட்டம். வெளியுலகோடு இணைக்கும் சாலை இல்லை. சிறு வானூர்தி, கோடையிற் படகு, குளிர்காலத்தில் உறைந்த ஆற்றின்மேல் வண்டி, இவையே வழி. வாழ்வோர் யூப்பிக்கு மக்கள். இத்தகைய சிற்றூர்ப் பள்ளிகளுக்கு வரும் ஆசிரியருட் பெரும்பாலோர் பிற மாநிலத்தார். அண்மையாண்டுகளிற் பிலிப்பைன் நாட்டினின்றும் வருகின்றனர். ஓரிரண்டாண்டிற் போய்விடுவோர் பலர்.

குளிரும் தனிமையுமே கரணியம் என்பது எளிய விடை. அக் குளிரில்தானே அம் மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்கின்றனர்! உண்மைக் கரணியம் மொழி. புதிய ஆசிரியர் "விளங்கிற்றா?" என்கிறார். குழந்தை வாய்திறவாது புருவத்தை உயர்த்துகிறது. யூப்பிக்கு மக்களிடை அதுவே 'ஆம்' என்னும் விடை. ஆசிரியரோ விடை வரவில்லையெனக் கருதி மீண்டும் கேட்கிறார். மீண்டும் புருவம் உயர்கிறது. மந்தம் என்று பெயர் வாங்குவது குழந்தை! மொழியறியாதவர் யார் என்று எவரும் கேட்பதில்லை.

இது நேற்று முளைத்ததன்று. 1867-இல் உருசியாவிடமிருந்து அமெரிக்கா இந்நிலத்தை விலைக்கு வாங்கிற்று. 1885-இற் கல்விப் பொறுப்பேற்ற செல்டன் சாக்சன் என்னும் கிறித்தவக் குருவர் ஆங்கிலத்தையே பள்ளிமொழியாக்கினார். தாய்மொழி பேசியதற்காக வழலைக்கட்டியால் வாய் கழுவப்பட்டதை முதியோர் பலர் சொல்லியுள்ளனர். உயர்நிலைக் கல்விக்கோ, பிள்ளைகள் சிட்காவிற்கும், ஒரேகான், ஓக்கலகோமா விடுதிப் பள்ளிகட்கும் பிரிந்து போகவேண்டியிருந்தது. எம்மோனாக்கு ஊர்ச் சிறுமி மோலி ஊச்சு பெயரால் 1972-இல் தொடுத்த வழக்கு 1976-இல் உடன்பாட்டில் முடிந்தது. 126 சிற்றூர்களில், மக்கள் விரும்பின் அங்கேயே உயர்நிலைக் கல்வி தர மாநில அரசு ஒப்பியது. பெரு வெற்றியே அது. கட்டடம் ஊருக்கு வந்தது. ஆசிரியர் மட்டும் இன்னும் வெளியாராகவே வருகிறார்.

வருவோரெல்லாம் தீயவரல்லர். பல்லாண்டு தங்கி, ஊராரோடு மீன்பிடித்து, மொழி பயின்றோரும் உளர். எனினும் ஒரு மொழியின் உயிரை அத்தகைய அரிய நல்லுள்ளங்களை நம்பி விடலாமோ? அலாசுக்காத் தொல்குடி மொழிகளுள் மிகுதியாகப் பேசப்படுவது யூப்பிக்கே. அதனையும் பேசுவோர் ஏறத்தாழ 10,000 பேர்தாம். 2014-இல் 20 தொல்குடி மொழிகளை ஆட்சிமொழிகளென மாநிலம் சட்டமாக்கியது. ஏட்டில் ஏறியது வகுப்பறையில் ஏறவேண்டாவா?

ஏற முடியும் என்பதற்குச் சான்று பெத்தேல் நகரில் உண்டு. அங்கே 1995-இல் யூப்பிக்கு மொழிவழிக் கல்வி தொடங்கிற்று. 2015-இற் பள்ளிக் கட்டடம் தீக்கிரையான பின்னரும் கல்வி நிற்கவில்லை. கற்பிப்போர் அம் மண்ணின் மக்கள். அலாசுக்காப் பல்கலைக்கழகத்தின் கிளையும் அதே நகரில் இருக்கிறது. ஊர்ப்பள்ளிகளில் குறைந்த சம்பளத்தில் துணையாளராய் உழைக்கும் யூப்பிக்கு ஆடவரும் பெண்டிரும் அங்குப் பயின்று முழு ஆசிரியராகலாம். ஆண்டுதோறும் தொலைமாநிலங்களில் ஆள்தேடச் செலவிடும் பணத்தை அவர்க்கு ஒதுக்குக. பட்டம் பெறும்வரை அவர்தம் குடும்பச் செலவை மாநிலமே ஏற்கவேண்டும்.