கோழிக்கு மட்டுமா மக்காச்சோளம்?

மக்காச்சோளத்தைப் புடைத்துக் காயவைத்து மில்லுக்கு எடுத்துப்போனால், "மாட்டுக்கா, கோழிக்காம்மா?" என்பதுதான் முதல் கேள்வி. "எங்களுக்குத்தான், நைஸா அரைச்சுக் கொடுங்க" என்றால் மில்காரர் ஏற இறங்கப் பார்ப்பார். பெரம்பலூரில் அவர் அப்படிப் பார்ப்பதில் வியக்க ஒன்றுமில்லை. வேப்பூர், குன்னம், வேப்பந்தட்டை என எந்தப் பக்கம் பஸ் ஏறினாலும் வழியெல்லாம் மக்காச்சோளம்தான். 2018-இல் படைப்புழு வந்து குருத்தைத் தின்று தீர்த்த பிறகும் சனங்கள் அதை விடவில்லை. விளைச்சலில் பெரும்பகுதி லாரி ஏறித் தீவன ஆலைக்குப் போகிறது. இப்போது எத்தனால் ஆலைகளும் பங்கு கேட்கின்றன. நம் தட்டுக்கு அது முட்டையாகத் திரும்பி வருவதோடு சரி.

நான் அந்த மாவில் ஸ்கோன் சுடுகிறேன். ஸ்காட்லாந்துப் பலகாரம், பன்னுக்கும் பிஸ்கட்டுக்கும் நடுவிலான பக்குவம். முதலில் மருமகள்தான் போனில் பார்த்துவிட்டு, "ஓவன் வேணுமே அத்தை" என்றாள். எதற்கு? அந்த ஊர்க்காரர்களே ஆதியில் அதை அடுப்பில் இரும்புக் கல்லைப் போட்டுத்தான் சுட்டார்கள். 1843-இல் ஆல்ஃபிரட் பேர்டு என்ற ஆங்கிலேயர் பேக்கிங் பவுடரைக் கண்டுபிடித்த பிறகு மாவு உப்புவது சுலபமானது. ஓவனும் வீடுகளுக்குள் வந்தது. கல்லில் சுடும் வழக்கம் அங்கே இன்றும் போகவில்லை. நம் வீட்டில் தோசைக்கல் இருக்கிறதே!

மைதா 150 கிராம், மக்காச்சோள மாவு 75 கிராம், நாட்டுச்சர்க்கரை மூன்று மேசைக்கரண்டி, பேக்கிங் பவுடர் இரண்டு டீஸ்பூன், உப்பு ஒரு சிட்டிகை. இதில் ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த 50 கிராம் வெண்ணெயைப் போட்டு, விரல் நுனியால் உதிர்த்து உதிர்த்துப் புட்டு மாவுப் பதத்துக்குக் கொண்டுவர வேண்டும். உள்ளங்கை படக்கூடாது, வெண்ணெய் உருகிவிடும். முந்திரித் துண்டு ஒரு கைப்பிடி. முந்திரி விளையும் அரியலூர்ப் பக்கம் ஆண்டிமடத்தில் தங்கை இருப்பதால் எனக்கு அதில் பஞ்சமில்லை. முழுப்பருப்பை இதில் போடுவது வீண். குளிர்ந்த பாலைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளித்துச் சேர்த்துப் பிடித்தால் போதும், பிசையவே கூடாது. விரல் கனத்துக்கு வட்டமாகத் தட்டி, நான்காக வெட்டி, கனமான கல்லில் சிறுதீயில் மூடி வைத்து, ஒரு பக்கம் ஏழெட்டு நிமிடம். பிறகு திருப்பிப் போட்டு அதே நேரம். பேக்கிங் பவுடர் இல்லையென்றால் பாலுக்குப் பதில் புளித்த தயிர், அரை டீஸ்பூன் ஆப்பச்சோடா.

பிசையக் கூடாது என்பதற்குக் காரணம் உண்டு. கோதுமையிலும் மைதாவிலும் குளூட்டன் இருக்கிறது. பிசையப் பிசைய அது இறுகி இழுவையாகும். பரோட்டாவுக்கு அது வரம், ஸ்கோனுக்குச் சாபம். மக்காச்சோளத்தில் அந்தக் குளூட்டன் கிடையாது. அதனால் பரோட்டாவுக்கு ஆகாத நம் மாவு, பொலபொலவென்று உதிர வேண்டிய இந்தப் பலகாரத்துக்குக் கச்சிதம். கடையில் வெள்ளையாக விற்கிற கார்ன் ஃப்ளவரை வாங்கிவிடாதீர்கள், அது வெறும் ஸ்டார்ச். மஞ்சள் மாவை மில்லில் அரைத்துக்கொள்ளலாம்.

2023-ஐச் சிறுதானிய ஆண்டு என்று ஐ.நா. அறிவித்தபோது கம்பு, கேழ்வரகு, சோளம் எல்லாம் மேடை ஏறின. மக்காச்சோளம் அந்தப் பட்டியலிலேயே இல்லை. தீவனம் என்று முத்திரை குத்தியாகிவிட்டதால் அதற்காகப் பேசவும் ஆளில்லை.

நாம் ஸ்கோன் சுட்டு மக்காச்சோள விலை ஏறிவிடப் போவதில்லை. நான் கேட்பது சின்ன விஷயம். மகளிர் குழுக்களுக்கு பேக்கரிப் பயிற்சி என்றாலே மைதா கேக்கும் க்ரீம் பூவும்தான் பலருக்கு நினைவில் வருகிறது. அந்தக் கேக்கை விற்க ஏற்கெனவே தெருவுக்கு ஒரு பேக்கரி இருக்கிறது. பெரம்பலூர் மாவட்டத்து வாலிகண்டபுரத்திலும் அரியலூர் மாவட்டத்துச் சோழமாதேவியிலும் வேளாண் அறிவியல் மையங்கள் இருக்கின்றன. பெரம்பலூர் மக்காச்சோளம், அரியலூர் முந்திரி, ஒரு தோசைக்கல் – இந்த மூன்றையும் வைத்து அங்கே ஒரு வகுப்பு எடுக்கலாம். ஸ்கோன் அன்றைக்கே தின்ன வேண்டிய பண்டம், மறுநாள் காய்ந்துவிடும். பாக்கெட் போட்டு அனுப்பும் பெரிய கம்பெனிக்கு இது ஒத்துவராது. மதியம் சுட்டுச் சாயங்காலம் பஸ் நிலைய டீக்கடையில் கொடுக்கிற பெண்களுக்கு ஒத்துவரும்.