கோர்ட்டுப் பூசாரிகள்

சாமி வரங் கொடுத்தாலும் பூசாரி இடங்கொடான் என்பார்கள். சாமியும் இல்லை, வரமும் இல்லை என்பது நம் அபிப்பிராயம். ஆனால் பூசாரி இருக்கிறான் என்பதில் நமக்குச் சந்தேகமே கிடையாது. தென்காசிக் கோயிலிலும் குற்றாலத்துக் கோயிலிலும் மாத்திரமல்ல, கோர்ட்டிலும் இருக்கிறான்.

தென்காசிப் பக்கத்துக் குடியானவர் ஒருவர் ஹைக்கோர்ட்டுக்குப் போகவேண்டுமானால் 150 கிலோமீட்டருக்கு மேல் பஸ் ஏறி மதுரைக்குப் போகவேண்டும். நிலத்தை ஒத்திக்கு விட்டு, வக்கீல் பீசு கட்டி, மனுப் போடுகிறார். அது நேரே நீதிபதியிடம் போவதில்லை. ரிஜிஸ்ட்ரி என்னும் ஆபீசுக்குப் போகிறது. அங்கே நம்பர் போட்டால்தான் அது மனு. போடாவிட்டால் வெறுங் காகிதம்.

ஆபீசின் வேலை என்ன? ஸ்டாம்பு சரியா, கையெழுத்து உண்டா, நகல் இருக்கிறதா என்று பார்ப்பது. குற்றால அருவியில் எண்ணெயும் சோப்பும் கூடாதென்று தடை. காவலுக்கு நிற்பவர் பையைச் சோதிக்கட்டும். “குளித்தாலும் உன் பாவம் போகாது, திரும்பிப் போ” என்று சொல்ல அவர் யார்? (பாவம் போகாது என்பது வாஸ்தவந்தான், அது வேறு சங்கதி.)

இது நம் கற்பனையல்ல. வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி கேசில் சிக்கிய ஒருவரின் முன் ஜாமீன் மனுவுக்குச் சென்னை ஹைக்கோர்ட்டு ரிஜிஸ்ட்ரி நம்பர் போட மறுத்தது. அந்தச் சட்டத்தில் முன் ஜாமீன் இல்லை, ஆகையால் மனுவே செல்லாது என்றது. விவகாரம் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. நம்பர் போடுவது நிர்வாக வேலை, செல்லுமா செல்லாதா என்பது நீதிபதியின் வேலை, ஆகவே நம்பர் போட்டு நீதிபதி முன் வை என்று 2019 மார்ச்சில் தீர்ப்பாயிற்று.

குற்றஞ் சாட்டப்பட்டவனுக்கு ஏன் பரிகிறாய் என்று தோழர்கள் கேட்கலாம். 1989-ல் வந்த அந்தச் சட்டம் இன்னும் கடுமையாகவே நடக்கவேண்டும் என்பவர்கள்தான் நாம். ஜாமீன் இல்லையென்றே சொல்லட்டும். ஆனால் நீதிபதி சொல்லட்டும், திறந்த கோர்ட்டில், காரணம் எழுதிச் சொல்லட்டும். இன்று அவனைத் திருப்பிய சிப்பந்தி, நாளைக்கு அடிபட்ட ஆதிதிராவிடரின் மனுவையும் “செல்லாது” என்று திருப்பமாட்டார் என்பதற்கு யார் ஜாமீன்?

வக்கீல்கள் இதையெல்லாம் கேட்பது அபூர்வம். தினமும் அதே ஜன்னலில் போய் நிற்கவேண்டியவர்களுக்குப் பகைத்துக்கொள்ள மனம் வருமா?

ஆகையால் மனு திரும்பி வந்ததென்றால் தலையைச் சொறிந்துகொண்டு ஊருக்குப் பஸ் ஏறாதீர்கள். ஸ்டாம்பு குறைவென்றால் ஒட்டிக் கொடுங்கள். மனுவே செல்லாது என்று எழுதியிருந்தால், இதைச் சொல்லவேண்டியவர் நீதிபதி, அவர் முன் வையுங்கள் என்று எழுதி, 2019 தீர்ப்பையும் காட்டித் திரும்பக் கொடுக்கும்படி வக்கீலிடம் கேளுங்கள்.