மீ மீ லாயைத் தின்றவர் யார்?

பர்மாவில் பர்மியத் தாய்க்கும் ஆங்கிலத் தந்தைக்கும் பிறந்து, இங்கிலாந்தில் நடிப்புத் தொழிலுக்கு வந்தவர் மீ மீ லாய் என்னும் நடிகை. அவர் பெயரை நம் வாசகர் பலர் அறியார். அதில் குற்றமில்லை. ஆனால், இத்தாலியப் படமுதலாளிகள் அவரை வைத்து நடத்திய வாணிபத்தை அறியாதிருப்பது நமக்கு அழகன்று. ஏனெனில், அவ்வாணிபத்திற்குக் களமாகிய காடுகளுள் ஒன்று நம் மலேசியக் காடு. மற்றொன்று இலங்கைக் காடு.

1972-ல் உம்பர்ட்டோ லென்சி என்பார் தாய்லாந்தில் ஒரு படம் பிடித்தார். "காட்டுமிராண்டிக் காமத்தின் நாடு" என்பது அதன் இத்தாலியப் பெயரின் பொருள். பெயரிலேயே சரக்கின் தரம் விளங்கவில்லையா? காட்டில் அகப்பட்ட வெள்ளையனை மணக்கும் மலைச்சாதிப் பெண்ணாக மீ மீ லாய் வந்தார்; முடிவில் அப்பெண் மடிந்தாள். 1977-ல் ருஜ்ஜெரோ தெயொதாத்தோ எடுத்த படத்தில் அவருக்கு மீண்டும் காட்டுப் பெண் வேடமே. கதாநாயகனாகிய வெள்ளையன் அவளைப் பலவந்தம் செய்கிறான். அதற்குப் பின்னும் அவள் அவனுக்கே வழித்துணையாகிறாளாம்! கடைசியில் நரமாமிசம் தின்போர் அவளை அறுத்துத் தின்கின்றனர். அவனோ தப்பி ஊர் சேருகிறான். 1980-ல் லென்சியின் வேறொரு படத்திலும் அவருக்கு அதே கதிதான். அதற்கும் புதிதாகப் படம்பிடிக்கும் செலவு எதற்கென்று, 1977-ம் ஆண்டுப் படத்தில் அவர் மாண்ட காட்சியையே வெட்டி ஒட்டிக் கொண்டனர். ஒரு பெண்ணை ஒருமுறை கொன்று, இருமுறை காசாக்கிய சாமர்த்தியத்தை என்னென்போம்!

அந்த 1977-ம் ஆண்டுப் படத்தின் கதை பிலிப்பைன்ஸின் மிண்டனாவோவில் நடப்பதாகச் சொல்லப்படுகிறது. படம் பிடித்ததோ மலேசியாவில். மிண்டனாவோ ஆனாலென்ன, மலேசியா ஆனாலென்ன? கறுத்த மேனியும் அடர்ந்த காடும் கண்ணுக்குப் பட்டால் போதும். அங்கே மனிதனை மனிதன் தின்கிறான் என்று எழுதிவிடலாம் என்பதே அவர்கள் கொள்கை. "சக்காய்" என்று இழித்துரைக்கப்பட்ட ஒராங் அஸ்லி மக்களின் நாடல்லவா இது? மனிதனைத் தின்னும் வழக்கம் அவர்களிடத்தில் எங்கே இருந்தது? நம் பாட்டனையும் பாட்டியையும் "கூலி" என்ற ஒரே சொல்லில் அடக்கிய கண்ணும், இக்காட்சிகளைப் பிடித்த கண்ணும் ஒரே கண்தான் என்று நாம் சொல்கிறோம்.

"இது வெறும் கற்பனை, இதற்கு இத்தனை கோபமா?" என்று சிலர் கேட்கலாம். கற்பனையென்றால், அப்படங்களில் உயிருள்ள விலங்குகளை மெய்யாகவே கொன்றது எதற்கு? "அந்த அம்மை கூலி வாங்கிக்கொண்டுதானே நடித்தார்?" என்றும் கேட்கலாம். ஆம், வாங்கினார். தோட்டத்தில் கூலி வாங்கினவனும் சம்மதித்துத்தான் வாங்கினான். ஆகவே துரை செய்ததெல்லாம் நியாயமாகிவிட்டதா? ஆசிய முகத்துக்கு இந்த வேடந்தான் உண்டு என்று வாயிலைக் குறுக்கிவைத்தபின், குனிந்து நுழைந்தவரைப் பழிப்பது அறிவுடைமையாகாது. நாம் பழிப்பது நடிகையை அன்று, வாயிலைக் குறுக்கினவரை.

அவருடைய திரைவாழ்வு நீளவில்லை. பின்னர் அவர் படத்தொழிலை விட்டு இங்கிலாந்தில் போலீஸ் உத்தியோகம் ஏற்றார். திரையில் காப்பாரின்றி மாண்ட பெண், வாழ்க்கையில் பிறரைக் காக்கும் சீருடை அணிந்தார் என்பதை நினைக்குந்தோறும் நமக்கு மகிழ்ச்சி உண்டாகிறது. 2018-ல் அவரைப்பற்றி ஓர் ஆவணப்படமும் வெளிவந்தது.

தோழர்களே! பழைய இத்தாலியன் குப்பையைப் பற்றி நமக்கென்ன என்று இருந்துவிடாதீர்கள். கறுத்த பெண்ணைக் கேலிக்கும், காட்டு மக்களை மிருகத்திற்கும் ஒப்பிடும் படங்கள் நம் மொழியிலும் உண்டு. அவற்றுக்குக் கைதட்டுவோர் நம்முள்ளும் உண்டு. காசு கொடுக்கும் கை இல்லையேல், அறுக்கும் கத்தி எழாது. மீ மீ லாயைத் தின்றவர் காட்டில் இருந்தவர் அல்லர், கொட்டகையில் இருந்தவர். அடுத்த முறை சீட்டு வாங்குமுன், நாம் எந்தப் பந்தியில் உட்காரப்போகிறோம் என்பதைச் சிந்திப்போமாக.