சூரிச்சில் கற்றவர், மெல்பேர்ணில் கட்டியவர்

மெல்பேர்ண் குயீன்ஸ் வீதியால் செல்லும் வாசகர்கள் ஸ்ரான்ஹில் எனும் அடுக்குமாடி மனையைக் கண்டிருப்பர். 1950ஆம் ஆண்டளவில் எழுந்த அதனை வரைந்தவர் பிரெடெரிக் றொம்பேர்க். ஜேர்மானியரான அவர், சூரிச் நகரில் புகழ்பெற்ற சுவிஸ் கட்டடக்கலைஞர் சால்விஸ்பேர்க்கிடம் பயின்றவர். நாசி ஆட்சியை விரும்பாத அவர் 1938இல் இங்கு வந்திறங்கினார். மறு ஆண்டே போர் மூண்டது. எதிரிநாட்டவர் என்ற முத்திரை அவர்மீது விழுந்தது. ஆயினும் வரைகோலை அவர் கீழே வைத்தாரில்லை. 1953இல் றோய் கிறவுண்ட்ஸ், றொபின் பொய்ட் ஆகியோருடன் கூட்டுநிறுவனம் அமைத்தார். 1965இல் நியூகாசில் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார்.

இன்று ஸ்ரான்ஹில் விக்டோரியாவின் மரபுரிமைப் பதிவேட்டில் இடம்பெற்றுள்ளது. அந்நியரென ஐயுற்ற நாடே அவர் படைப்பைத் தன் சொத்தெனக் காக்கின்றது. கற்ற தொழிலைப் பெட்டிக்குள் பூட்டிவைத்திருக்கும் எம்மவர் இதனை எண்ணிப்பார்த்தல் நன்று.