பந்தியில் வஞ்சனை வேண்டாம்!

விருந்து என்றால் எல்லோரும் உண்ண வேண்டும். பந்தியில் பத்துப் பேர் உட்கார்ந்திருக்கிறார்கள். ஒன்பது பேருக்குப் பலகாரம் விழுகிறது. ஒரு குழந்தையின் இலை மட்டும் காலியாக இருக்கிறது. அது விருந்து ஆகுமா? ஆகாது. அதற்குப் பெயர் "பந்தி வஞ்சனை". அது பெரிய பாவம் என்று வீட்டுப் பாட்டிமார் சொல்லுவார்கள்.

ஆனால், யாரும் வேண்டும் என்று செய்யாமலே இந்த வஞ்சனை பல வீடுகளில் நடந்து விடுகிறது. அமெரிக்காவில் அதை நன்றாகப் பார்க்கலாம். அதற்குக் காரணம் ஒரு பலகாரம். அதன் பெயர் "பை".

கடைக்குத் தூக்கிக் கொண்டு போகும் பை அல்ல. இது தின்னும் பை!

பை என்பது என்ன?

கொழுக்கட்டையை எல்லோருக்கும் தெரியும். வெளியே மாவு, உள்ளே பூரணம். பையும் ஏறக்குறைய அதே மாதிரிதான். ஒரு வட்டத் தட்டில் மாவைக் கூடு போலப் பரப்புவார்கள். அதற்குள் ஆப்பிள் துண்டுகளையோ, பூசணிக்காய் விழுதையோ, வேறு இனிப்பையோ நிரப்புவார்கள். "ஓவன்" என்னும் சூட்டடுப்பில் வைத்துச் சுட்டு எடுப்பார்கள். முக்கோணத் துண்டுகளாக வெட்டிப் பரிமாறுவார்கள்.

அமெரிக்காவில் நவம்பர் மாதத்து நான்காவது வியாழக்கிழமை "நன்றி கூறும் நாள்". இந்தக் கிழமையை 1941-ல் சட்டம் போட்டு உறுதி செய்தார்கள். அன்று குடும்பம் முழுவதும் ஒரே மேஜையில் கூடும். வான்கோழிக் கறி இருக்கும். கடைசியில் பை வரும். பொங்கலுக்குச் சர்க்கரைப் பொங்கல் எப்படியோ, அந்த நாளுக்குப் பை அப்படி.

கொழுக்கட்டைக்கு மேல்மாவு அரிசி. பையின் கூடு கோதுமை மைதா. இந்த ஒரு வேற்றுமையில்தான் ஒரு குழந்தையின் சுகமும் துக்கமும் அடங்கி இருக்கின்றன.

கோதுமை யாருக்கு ஆகாது?

சப்பாத்தி மாவைப் பிசைந்து, அந்த உருண்டையைத் தண்ணீரில் பிசைந்து பிசைந்து கழுவிப் பாருங்கள். வெள்ளையான மாவுச்சத்து கரைந்து போகும். ரப்பர் போல இழுபடும் ஒரு பொருள் கையில் மிஞ்சும். அதுதான் "குளூட்டன்". கோதுமையில் இருக்கும் ஒரு வகைப் புரதம். பார்லியிலும், ரை என்னும் தானியத்திலும் இதே வகைப் புரதங்கள் உண்டு. அரிசியில் இந்தத் தொல்லை இல்லை.

பெரும்பாலானவர்களுக்குக் குளூட்டனால் ஒரு கெடுதலும் கிடையாது. ஆனால், சுமார் 100 பேரில் ஒருவருக்கு அது ஆகாது. அந்த நோய்க்கு "சீலியாக்" என்று பெயர்.

சிறுகுடலின் உட்புறத்தில் மிக நுண்ணிய விரல்களைப் போன்ற முளைகள் இருக்கின்றன. உண்ட உணவின் சத்தை உறிஞ்சி இரத்தத்துக்கு அனுப்புவது இவற்றின் வேலை. சீலியாக் நோய் உள்ளவர் கோதுமையைத் தின்றால், உடம்பின் காவல் படையே திரும்பி நின்று இந்த முளைகளைத் தாக்குகிறது. முளைகள் தேய்ந்து தட்டையாகி விடுகின்றன. பிறகு, தின்னும் சோறு உடம்பில் ஒட்டுவது இல்லை.

குழந்தையாக இருந்தால் வயிறு உப்பும். பேதியாகும். கை கால்கள் மெலியும். வளர்ச்சி குன்றும். பெரியவர்களுக்கு இரத்த சோகையும், ஓயாத களைப்பும் வரலாம்.

இந்த நோயைத் தீர்க்க இன்னும் மருந்து வரவில்லை. கோதுமை, பார்லி, ரை மூன்றையும் ஆயுள் முழுவதும் விலக்குவதுதான் வைத்தியம். விலக்கினால் குடல் மெல்ல மெல்லத் தேறி விடுகிறது.

ஹாலந்து டாக்டர்

இந்த உண்மையைக் கண்டு சொன்னவர் ஹாலந்து நாட்டுக் குழந்தை வைத்தியர். பெயர் வில்லெம் டிக்கே. அவருக்கு முன்பு டாக்டர்கள் பல பத்தியங்களைச் சோதித்துப் பார்த்தார்கள். 1924-ல் அமெரிக்க டாக்டர் சிட்னி ஹாஸ் என்பவர் இந்தக் குழந்தைகளுக்கு வாழைப்பழப் பத்தியம் கொடுத்தார். பலருக்குக் குணம் தெரிந்தது. வாழைப்பழத்தில்தான் மகிமை என்று நினைத்தார்கள். உண்மையில், பத்தியத்தில் ரொட்டி இல்லாததுதான் காரணம்!

டிக்கேக்கு 1930-களிலேயே கோதுமை மீது சந்தேகம் இருந்தது. இரண்டாம் உலகப் போரின் கடைசிக் குளிர்காலம் வந்தது. 1944-45-ல் ஹாலந்தில் கொடிய பஞ்சம். ரொட்டி கிடைக்காமல் மக்கள் துலிப் செடியின் கிழங்கைக்கூடத் தின்றார்கள். ஊரெல்லாம் வாடிய அந்த நாளில் ரொட்டி இல்லாதது சீலியாக் குழந்தைகளுக்கு நன்மையாக முடிந்தது. அந்த அனுபவம் டிக்கேயின் எண்ணத்தை உறுதிப்படுத்தியது. 1950-ல் அவர் தமது ஆராய்ச்சி நூலை வெளியிட்டார். அதன் பிறகுதான் "கோதுமையை விலக்கு" என்ற பத்தியம் உலகம் முழுவதும் பரவியது.

"ஒரு துண்டுதானே!"

"இன்று ஒரு நாள்தானே! ஒரு துண்டு தின்றால் என்ன ஆகிவிடும்?" என்று உறவினர்கள் கேட்பார்கள். அன்பினால்தான் கேட்கிறார்கள். ஆனால், இந்த நோய்க்குத் துண்டு வேண்டாம், துகளே போதும்.

அமெரிக்க அரசாங்கம் 2013-ல் ஒரு விதி செய்தது. "குளூட்டன் இல்லாதது" என்று ஒரு பொட்டலத்தில் அச்சிட வேண்டுமானால், அந்த உணவு ஒரு கிலோவில் 20 மில்லிகிராம் குளூட்டனைவிடக் குறைவாகவே இருக்க வேண்டும். அத்தனை நுட்பமான கணக்கு. விருந்தாளியின் அன்பு இந்தக் கணக்கை மாற்றாது.

ஆகவே, பல வீடுகளில் என்ன செய்கிறார்கள்? எல்லோருக்கும் மைதாப் பை. நோய் உள்ள குழந்தைக்குத் தனித் தட்டில் ஒரு பழம். அல்லது கடையில் வாங்கிய ஏதோ ஒரு பிஸ்கட்.

உடம்புக்கு இது பாதுகாப்புதான். மனசுக்கு? ஆண்டு தவறாமல், எல்லோரும் கூடும் நாளிலே, "நீ வேறு" என்று தட்டு சொல்லுகிறது. வளரும் பிள்ளை ஒரு நாள் பொறுக்க மாட்டாமல், யாருக்கும் தெரியாமல் ஒரு துண்டைத் தின்று விடுகிறது. யார் மீது குற்றம்?

இதற்கு ஒரு வழி இருக்கிறது. குழந்தைக்குத் தனிப் பலகாரம் செய்வதை விட்டுவிட்டு, குழந்தை தின்னக்கூடிய ஒரே பலகாரத்தை எல்லோருக்கும் செய்ய வேண்டும். பையின் கூட்டைக் கோதுமையில் செய்யாமல் பாதாமில் செய்தால் போதும்.

செய்முறை

9 அங்குல வட்டத் தட்டு ஒன்றுக்கு வேண்டியவை: தோல் நீக்கிய பாதாம் பருப்பைப் பொடித்த மாவு 2 கப். அதாவது, சுமார் 200 கிராம். உருக்கிய வெண்ணெய் 4 மேஜைக் கரண்டி. சர்க்கரை 2 மேஜைக் கரண்டி. உப்பு கால் தேக்கரண்டி. வேறு ஒன்றும் வேண்டாம்.

பாதாமை வீட்டிலே பொடிப்பதானால் விட்டு விட்டுத்தான் அரைக்க வேண்டும். ஒரேயடியாக மிக்ஸியை ஓட்டினால் எண்ணெய் பிரிந்து விழுதாகி விடும். சர்க்கரையைக் கூடப் போட்டு அரைத்தால் அது எண்ணெயைக் கொஞ்சம் பிடித்துக் கொள்ளும். நன்றாகக் காய்ந்த ஜாரில் அரைக்க வேண்டும்.

எல்லாவற்றையும் ஒரு பாத்திரத்தில் கலந்து, ஈர மணல் பதத்துக்குப் பிசற வேண்டும். கையில் பிடித்தால் பிடியாக நிற்க வேண்டும். அதுதான் பதம். பிறகு தட்டில் கொட்டி, தட்டையான டம்ளரின் அடிப்பாகத்தால் அடியிலும் ஓரங்களிலும் ஒரே கனமாக அழுத்த வேண்டும். முள் கரண்டியால் அங்கங்கே குத்திவிட வேண்டும்.

ஓவனில் 175 டிகிரி சூட்டில் 10 முதல் 12 நிமிஷம். ஓரம் பொன் நிறமானதும் எடுத்துவிட வேண்டும். கொட்டைப் பருப்பு சீக்கிரம் கருகும். பக்கத்திலேயே நிற்பது நல்லது. சூட்டோடு தொட்டால் உதிரும். நன்றாக ஆறினால்தான் கூடு இறுகும். அதன் பிறகே பூரணத்தை நிரப்ப வேண்டும். பூரணத்தோடு மறுபடியும் சுடுவதாக இருந்தால், ஓரத்தை அலுமினியத் தாளால் மூட வேண்டும்.

பாதாமுக்குப் பதில் அக்ரூட் பருப்பும் போடலாம். அமெரிக்காவில் விளையும் "பெக்கான்" என்ற கொட்டையிலும் செய்கிறார்கள்.

மைதாவைவிட இது சுலபம்

மைதாவில் கூடு செய்வது லேசான வேலை அல்ல. அதிகம் பிசைந்தால் குளூட்டன் இழுத்துப் பிடித்துக் கொள்ளும். கூடு தோல் போல ஆகிவிடும். அதனால்தான் வெண்ணெயும் தண்ணீரும் சில்லென்று இருக்க வேண்டும், கை அதிகம் படக் கூடாது என்று கட்டளைகள் போடுவார்கள். பாதாமில் குளூட்டனே இல்லை. எத்தனை பிசைந்தாலும் கெடாது. உருட்டவும் வேண்டாம், மடிக்கவும் வேண்டாம். சின்னப் பெண்ணும் பையனும்கூடக் கையால் அழுத்திச் செய்து விடலாம். நோய்க்காரப் பிள்ளையையே செய்யச் சொல்லலாம்!

கவனிக்க வேண்டியவை

கூடு மாறினால் மட்டும் போதாது. பூரணம் கெட்டியாக மைதா சேர்க்கிறவர்கள் உண்டு. அதற்குப் பதில் சோள மாவு போட வேண்டும். வாங்கும் பொட்டலத்தின் மேல் எழுதியிருப்பதைப் படிக்க வேண்டும். கோதுமை மாவு படிந்த மரப்பலகை, சல்லடை, ஜார் எதையும் அப்படியே எடுக்கக் கூடாது. அதே நேரத்தில் அதே மேஜையில் மைதாவைச் சலிக்கக் கூடாது. மாவு பறக்கும்.

இன்னொன்று மிக முக்கியம். சிலருக்குக் கொட்டைப் பருப்புகளே ஆகாது. உயிருக்கே ஆபத்து வரும். ஒருவருக்குப் போட்ட வஞ்சனையை நீக்கப் போய் இன்னொருவரை ஆபத்தில் தள்ளக் கூடாது. விருந்துக்கு வருகிறவர்களை முதலிலேயே கேட்டுவிட வேண்டும்.

பாதாம் விலை அதிகம் என்பது உண்மை. மைதாவோடு ஒப்பிட்டால் பல மடங்கு. ஆனால், இது தினசரிச் சாப்பாடு அல்ல, விருந்துப் பலகாரம். மேலும், "குளூட்டன் இல்லாதது" என்று அச்சிட்டுக் கடையில் விற்கும் பண்டங்களும் சாதாரணப் பண்டங்களைவிட அதிக விலைதான்.

நாகரிகம் வேறு, நோய் வேறு

இப்போது மேல்நாட்டில் ஒரு நாகரிகம். நோய் இல்லாதவர்களும் உடம்பு இளைக்கும் என்று கோதுமையை விடுகிறார்கள். அவர்களுக்கு இந்தக் கூடு உதவாது. 200 கிராம் பாதாமும் வெண்ணெயும் சர்க்கரையும் சேர்ந்தால் 1,600 கலோரிக்கும் மேல் வரும். எட்டுத் துண்டு போட்டால், பூரணம் இல்லாமலே ஒரு துண்டுக்கு 200 கலோரி. இளைக்க விரும்புகிறவர் தின்னும் பண்டமா இது?

"கோதுமை எனக்கு ஆகவில்லை" என்று தானாக முடிவு கட்டுவதும் தவறு. சீலியாக் நோயை இரத்தப் பரிசோதனையில் கண்டுபிடிக்கலாம். ஆனால், முன்கூட்டியே கோதுமையை விட்டுவிட்டால் பரிசோதனையில் நோய் தெரியாமல் போகலாம். முதலில் டாக்டர், பிறகுதான் பத்தியம்.

தமிழ்நாட்டுக்கும் சேதி உண்டு

இந்தியாவில் கோதுமை அதிகம் உண்ணும் பஞ்சாப், அரியானா பக்கங்களில் இந்த நோய் அதிகம் தெரிகிறது. தெற்கே குறைவு. ஆனால் இல்லாமல் இல்லை. இட்லி, இடியாப்பம், கொழுக்கட்டை எல்லாம் இவர்களுக்கு நல்லவை. ரவை, சேமியா, பரோட்டா ஆகாதவை. கூட்டுப் பெருங்காயம் பலவற்றில் கோதுமை மாவு கலந்திருக்கும். யாருக்கும் சந்தேகம் வராத இடம் அது!

பாதாமும் முந்திரியும் அரைத்து இனிப்புச் செய்யத் தெரிந்த தமிழ்நாட்டுப் பெண்களுக்கு இந்தக் கூடு ஒரு வித்தையே அல்ல. வீட்டில் ஓவன் இல்லையா? ஒரு கப் பாதாம், ஒரு கப் கொட்டை நீக்கிய பேரீச்சம்பழம், இரண்டையும் அரைத்துத் தட்டில் அழுத்திக் குளிர்பெட்டியில் வைத்தால் போதும். அடுப்பே வேண்டாம். பேரீச்சையின் பசையே இழுத்துப் பிடித்துக் கொள்ளும்.

நோயை மாற்றும் சக்தி சமையல்காரருக்கு இல்லை. ஆனால், பந்தியை மாற்றும் சக்தி இருக்கிறது. ஒரு குழந்தைக்கு ஆகாததை ஒன்பது பேர் ஒரு நாள் விட்டுக் கொடுத்தால், யாருக்கும் நஷ்டம் இல்லை. பாதாம் பை தின்பதில் என்ன கஷ்டம் இருக்கிறது?

எல்லோருக்கும் ஒரே பலகாரம். எல்லோருக்கும் ஒரே மாதிரித் தட்டு. அதுதான் விருந்து!