மௌனம் சம்மதமா?

நடிகை என்ற சொல் காதில் விழுந்ததுமே முகம் சுளிப்பது நம்மவர் வழக்கம். திரையுலகின் மேல் எனக்கும் மோகம் இல்லை. ஆயினும் நமக்கு உவப்பில்லாதார் விஷயத்திலும் நீதி தவறலாகாது என்பது நம் மார்க்கம்.

மும்தாஜ் ஜஹான் 'மதுபாலா' ஆனதும், மஹ்ஜபீன் 'மீனாகுமாரி' ஆனதும் நாம் அறிந்ததே. நடிகையின் பெயரைக்கூடப் பட உலகமே முடிவு செய்த காலம் அது. 1938இல் செங்கற்பட்டில் பிறந்த வஹீதா ரஹ்மானையும், 1956இல் வெளிவந்த 'சி.ஐ.டி.' என்னும் இந்திப் படத்திற்காகப் பெயரை மாற்றச் சொன்னார்கள். பெற்றோர் இட்ட பெயரை மாற்ற அவர் இசையவில்லை. தமக்கு ஒவ்வாத உடையை அணியமாட்டேன் என்பதையும் ஒப்பந்தத்தில் எழுதச் செய்தார். அப்போது அவருக்கு இருபது வயதுகூட நிரம்பவில்லை. பின்னர், 1965இல் 'கைடு' படத்தில், கணவனைப் பிரிந்து நாட்டியத்தைத் தேடும் ரோஸியாக நடித்தவரும் அவரே. அப்பாத்திரத்தை நான் போற்ற வரவில்லை. ஏற்றதும் மறுத்ததும் அவருடைய முடிவு என்பதையே சொல்கிறேன்.

இனி நம் வீட்டைப் பார்ப்போம். நிக்காஹ்வும் ஓர் ஒப்பந்தமே. கன்னியின் சம்மதம் கேட்கப்பட வேண்டும் என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் போதனை. மஹரும் அவளுக்கே உரியது. நாமோ பந்தல் போட்டு, பத்திரிகையும் கொடுத்த பிறகு அவளிடம் கேட்கிறோம். தலைகுனிந்து நின்றால் சம்மதமென எழுதிக்கொள்கிறோம். நாணத்தின் மௌனம் வேறு. அச்சத்தின் மௌனம் வேறு. படக் கம்பெனி ஒரு பெண்ணின் நிபந்தனைக்கு அளித்த மதிப்பைக்கூட மகளின் சொல்லுக்கு அளிக்காத நாம், எந்தத் தகுதியில் நடிகையைத் தூற்றுகிறோம்?